வசனத்தை வெட்டியது யார்?
வேதாகம ஆய்வு குறித்து வாசகர் கேள்விகள்

கேள்வி: தாத்தா காலத்திலிருந்து எங்கள் வீட்டில் இருக்கும் பரிசுத்த வேதாகமத்தில், 1 யோவான் 5:7இல் "பரலோகத்திலே சாட்சியிடுகிறவர்கள் மூவர், பிதா, வார்த்தை, பரிசுத்த ஆவி என்பவர்களே" என்று இருக்கிறது. மருமகள் கொண்டுவந்த, பிற்கால மொழிபெயர்ப்பான திருவிவிலியத்தில் அந்த வாக்கியத்தைக் காணவில்லை. பிதா, குமாரன், பரிசுத்த ஆவி மூவரும் ஒரே கடவுள் என்னும் திரித்துவத்துக்கு ஆதாரமான வசனத்தை வெட்டியது யார்?
– பாளையங்கோட்டை வாசகி

பதில்: யாரும் வெட்டவில்லை, அம்மா. இடையில் வந்து சேர்ந்த ஒரு வாக்கியத்தைப் பிற்காலப் பதிப்பாளர்கள் எடுத்துவிட்டார்கள் என்பதே சரி. நான்காம் நூற்றாண்டில் எழுதப்பட்ட பழைய கிரேக்க விவிலியப் படிகளான சினாய்ச் சுவடி, வத்திக்கான் சுவடி ஆகிய இரண்டிலும் இந்த வாக்கியம் இல்லை; பதினான்காம் நூற்றாண்டுக்கு முற்பட்ட எந்தக் கிரேக்கச் சுவடியிலும் மூலத்தின் பகுதியாக இது காணப்படவில்லை. லத்தீன் மரபிலோ நான்காம் நூற்றாண்டின் இறுதியிலேயே இது தலைகாட்டுகிறது. ஆவி, நீர், இரத்தம் என்று அடுத்து வரும் மூன்று சாட்சிகளுக்கு யாரோ எழுதிய விளக்கம், முதலில் ஓரக்குறிப்பாக இருந்து, பின்னர் படியெடுத்தவர்களின் கையால் மூலத்துக்குள் நுழைந்திருக்க வேண்டும் என்பது பெரும்பாலான அறிஞர்களின் முடிவு. பழந்தமிழ் ஏடுகளில் உரையாசிரியரின் வரி மூலத்தோடு கலந்துவிடுவதைப் பதிப்பாசிரியர்கள் அறிவார்கள். ஏட்டுக்கு ஏடு வரி மாறுபடுவதை அவர்கள் பாடபேதம் என்பார்கள்; அதைத்தான் விவிலிய அறிஞர்களும் ஆராய்கிறார்கள்.

இந்த வாக்கியம் அச்சுக்கு வந்த கதை தனியே சொல்லத் தக்கது. டச்சு அறிஞர் எராஸ்மஸ் 1516இல் சுவிட்சர்லாந்தின் பாசல் நகரில் கிரேக்கப் புதிய ஏற்பாட்டை வெளியிட்டபோது, தம்மிடம் இருந்த கிரேக்கச் சுவடிகளில் இது இல்லாததால் சேர்க்கவில்லை. 1519இல் வந்த இரண்டாம் பதிப்பிலும் சேர்க்கவில்லை. கண்டனங்கள் குவிந்தன. பின்பு, இவ்வாக்கியம் உள்ள ஒரு கிரேக்கச் சுவடி அவர் பார்வைக்கு வந்தது; இன்று டப்ளின் டிரினிட்டி கல்லூரியில் இருக்கும் அச்சுவடி, அந்தப் பதினாறாம் நூற்றாண்டிலேயே எழுதப்பட்டது. 1522இல் வந்த மூன்றாம் பதிப்பில் எராஸ்மஸ், மனமில்லாமலேயே, வாக்கியத்தைச் சேர்த்தார். "ஒரே ஒரு கிரேக்கச் சுவடியைக் காட்டுங்கள், சேர்த்துவிடுகிறேன்" என்று அவர் வாக்குக் கொடுத்திருந்ததாக ஒரு கதை பல நூல்களில் வருகிறது. அதற்குச் சான்று இல்லை என்பது பிற்கால ஆய்வில் தெரிந்தது. (சுவாரசியமான கதைகளைச் சரிபார்க்க நமக்கு மனம் வருவதில்லை.) அந்தப் பதிப்பு மரபிலிருந்துதான் 1611ஆம் ஆண்டின் ஆங்கில வேதாகமமும், உங்கள் தாத்தாவின் தமிழ் வேதாகமமும் இவ்வாக்கியத்தைப் பெற்றன. ஈர்ப்பு விசையை விளக்கிய நியூட்டன்கூட 1690இல் இது இடைச்செருகல் என்று வாதிட்டு நீண்ட கட்டுரை எழுதித் தம் நண்பரான தத்துவ அறிஞர் ஜான் லாக்குக்கு அனுப்பினார். அது அவர் இறந்து பல ஆண்டுகள் கழித்து, 1754இல்தான் அச்சானது.

இனி, நீங்கள் உண்மையில் கவலைப்படும் விஷயத்துக்கு வருகிறேன். திரித்துவக் கொள்கை இந்த ஒரு வாக்கியத்தின்மேல் நிற்கவில்லை. 325இல் நிசேயாவிலும் 381இல் கான்ஸ்டாண்டிநோப்பிளிலும் சங்கங்கள் கூடி அக்கொள்கையை வரையறுத்த காலத்தில், அதற்காக வாதாடிய கிரேக்கத் தந்தையர் (கிரேக்க மொழியில் எழுதிய பழந்திருச்சபை ஆசிரியர்கள்) இந்த வசனத்தை எடுத்துக்காட்டவே இல்லை. கையில் இருந்திருந்தால் அதைவிட வலுவான ஆயுதம் அவர்களுக்கு வேறு இருந்திருக்குமா?

கேள்வி: இறையியல் கல்லூரியில் படிக்கும் என் மகன், வேதாகமத்தின் முதல் ஐந்து நூல்களான ஐந்து ஆகமங்களை மோசே எழுதவில்லை என்கிறான். விசுவாசத்தைக் குலைக்கத்தானா இந்தப் படிப்பு?
– கோயம்புத்தூர் வாசகர்

பதில்: மகனோடு வாதிடுவதற்கு முன், ஆதியாகமத்தின் முதல் இரண்டு அதிகாரங்களைத் தமிழிலேயே நிதானமாக வாசித்துப் பாருங்கள். முதல் அதிகாரம் முழுவதும் "தேவன்" என்றே வருகிறது. இரண்டாம் அதிகாரத்தின் நான்காம் வசனத்திலிருந்து "தேவனாகிய கர்த்தர்" என்று பெயர் மாறுகிறது. முதலாவதில் தாவரங்கள், விலங்குகள், கடைசியாக ஆணும் பெண்ணுமாக மனிதர் என்று வரிசை அமைய, இரண்டாவதில் மனிதன் முதலில் உருவாக்கப்பட்டு, மரங்களும் விலங்குகளும் அவனுக்குப் பின்னும், பெண் எல்லாவற்றுக்கும் கடைசியிலும் வருகிறார்கள். நோவாவின் பேழைக்குள் உயிரினங்கள் இரண்டிரண்டாகச் செல்ல வேண்டும் என்று 6:19 சொல்ல, சுத்தமானவற்றில் எவ்வேழு என்று 7:2 சொல்கிறது. உபாகமத்தின் கடைசி அதிகாரமோ மோசேயின் மரணத்தையும் அடக்கத்தையும் விவரிக்கிறது.

இவற்றை முதன்முதலில் முறையாகப் பிரித்துக் காட்டியவர்களில் ஒருவர் இறையியலாளர் அல்லர்; பிரெஞ்சு மன்னர் பதினைந்தாம் லூயியின் மருத்துவர்களில் ஒருவரான ஜான் ஆஸ்த்ருக். 1753இல் பெயர் போடாமல் அவர் வெளியிட்ட நூலின் நோக்கம் மோசேயை மறுப்பது அன்று. பழைய ஆவணங்களை மோசே பக்கம் பக்கமாக வைத்துத் தொகுத்தார் என்று காட்டி அவரைக் காப்பாற்றுவதே. அந்த வழியைத் தொடர்ந்த ஜெர்மானிய அறிஞர் யூலியுஸ் வெல்ஹவுசன், நான்கு மூலங்கள் வெவ்வேறு காலங்களில் எழுந்து பின்னர் ஒன்றாகத் தொகுக்கப்பட்டன என்ற கருத்துக்கு 1878இல் செவ்வடிவம் தந்தார். ஏறத்தாழ நூறு ஆண்டுகள் கோலோச்சிய அக்கருத்து 1970களிலிருந்து கடுமையாகக் கேள்விக்கு உள்ளாகியிருக்கிறது: உபாகமத்தின் தனித்தன்மையையும், குருக்கள் மரபு எனப்படும், ஆலயக் குருக்கள் வழிவந்த அடுக்கையும் பெரும்பாலோர் ஏற்கிறார்கள், மற்ற மூலங்களின் எல்லை, காலம் பற்றி இன்றுவரை உடன்பாடு இல்லை. ஆகவே உங்கள் மகன் நான்கு மூலங்களையும் முடிந்த முடிவாகப் பேசினால், அவரையும் சற்றுப் பொறுக்கச் சொல்லுங்கள்.

உங்கள் அச்சத்தை நான் இலேசாகக் கருதவில்லை. தம் போதனை மாணவர்களைத் திருச்சபைப் பணிக்குத் தயார் செய்யவில்லை என்று உணர்ந்து, வெல்ஹவுசனே 1882இல் தம் இறையியல் பேராசிரியர் பதவியைத் துறந்தார். ஆனால் ஒரு நூல் எப்படி உருவாயிற்று என்று கேட்பது ஒன்று, அது யாருடைய வார்த்தை என்று கேட்பது வேறொன்று. முதல் கேள்விக்குச் சுவடியும் மொழியும் விடை சொல்லும், இரண்டாவதற்கு அவை வாய் திறக்கா.

கேள்வி: கத்தோலிக்கத் திருச்சபை இத்தகைய ஆய்வை அனுமதிக்கிறதா?
– யாழ்ப்பாண வாசகர்

பதில்: இன்று அனுமதிப்பதோடு வலியுறுத்தவும் செய்கிறது, ஆனால் அந்த இடத்துக்கு மெல்லத்தான் வந்து சேர்ந்தது. 1906இல் திருத்தந்தையின் விவிலிய ஆணைக்குழு மோசேயின் ஆசிரியத்துவத்தை உறுதிப்படுத்தியிருந்தது. 1943இல் திருத்தந்தை பன்னிரண்டாம் பயஸ் மூலமொழிகளையும் இலக்கிய வகைகளையும் ஆராயும்படி ஊக்குவித்தார். 1965இல் இரண்டாம் வத்திக்கான் சங்கம் அதையே இறைவெளிப்பாடு பற்றிய ஏட்டில் நிலைநிறுத்தியது. 1993இல் அதே விவிலிய ஆணைக்குழு, நூல் எழுந்த காலத்தையும் மூலங்களையும் ஆராயும் வரலாற்றுத் திறனாய்வு முறை தவிர்க்க முடியாதது என்று கூறி, எழுத்துக்கு எழுத்து பொருள் கொள்ளும் அடிப்படைவாத வாசிப்பைத்தான் ஆபத்தானது என்றது.

கேள்வி: தலித் வாசிப்பு, பெண்ணிய வாசிப்பு என்கிறார்கள். வாசகர் தம் கருத்தை வேதத்தில் ஏற்றிச் சொல்வது எப்படி ஆய்வாகும்?
– சென்னை மாணவர்

பதில்: நியாயமான கேள்வி. எந்த வாசகரும் எங்கோ ஓரிடத்தில் நின்றுதான் வாசிக்கிறார் என்பதே இவ்வாசிப்புகளின் தொடக்கப் புள்ளி. ஜெர்மானியப் பேராசிரியரும் அதற்கு விலக்கல்லர். உங்கள் ஊரின் குருகுல லுத்தரன் இறையியல் கல்லூரியில் பணியாற்றிய அரவிந்த் பி. நிர்மல், உபாகமம் 26ஆம் அதிகாரத்தில் இஸ்ரயேலர் தம் மூதாதையை அலைந்து திரிந்த அரமேயன் என்று அறிக்கையிடுவதை எடுத்துக்கொண்டு, வேரற்றவர்களாக ஆக்கப்பட்டதன் நினைவே தலித் இறையியலின் தொடக்கம் என்றார். அப்பகுதி உண்மையிலேயே அலைச்சலையும் ஒடுக்குமுறையையும் பேசுகிறது. அவர் எதையும் வெளியிலிருந்து ஏற்றவில்லை. இலங்கையில் பிறந்த ஆர். எஸ். சுகிர்தராஜா, காலனிய ஆட்சியும் மிஷனரிகளும் வேதாகமத்தை எப்படிக் கையாண்டார்கள் என்பதையே ஆய்வுப் பொருளாக்கினார். ஒரு வாசிப்பு ஆய்வா, வெறும் விருப்பமா என்பதை அறிய நான் பார்ப்பது ஒன்றையே: மூலத்தில் தனக்கு எதிராக நிற்கும் வரிகளை அது எதிர்கொள்கிறதா, தாண்டிப் போகிறதா? தாண்டிப் போகும் வாசிப்புகள் இவ்வகையிலும் உண்டு, பழமையான விளக்கவுரைகளிலும் உண்டு.

கேள்வி: எனக்குக் கிரேக்கமும் எபிரேயமும் தெரியாது. இந்த முறைகளில் எதையாவது வீட்டில் முயன்று பார்க்க முடியுமா?
– நாகர்கோவில் வாசகி

பதில்: முடியும். நித்திய ஜீவனைப் பற்றிக் கேட்க வந்த செல்வந்தனின் கதையை எடுத்துக்கொள்ளுங்கள். மாற்கு 10:18இல் இயேசு, "நீ என்னை நல்லவன் என்று சொல்வானேன்?" என்று கேட்கிறார். பழைய தமிழ் வேதாகமத்தில் மத்தேயு 19:17உம் அப்படியே இருக்கிறது. திருவிவிலியத்திலோ மத்தேயுவின் இயேசு, நன்மையைப் பற்றித் தம்மிடம் ஏன் கேட்கிறாய் என்கிறார். மிகப் பழைய சுவடிகளில் இருப்பது இந்த இரண்டாவது பாடமே. மாற்குவை முன்னால் வைத்து எழுதிய மத்தேயு, இயேசு தம் நன்மையை மறுப்பதுபோல் ஒலித்த வரியைக் கவனமாக மாற்றியிருக்கிறார். பிற்காலத்தில் படியெடுத்தவர்கள் இரு நற்செய்திகளும் ஒத்திருக்கட்டும் என்று அதை மறுபடியும் மாற்குவைப் போலவே ஆக்கிவிட்டார்கள். இரு மொழிபெயர்ப்புகளையும் மேசைமேல் திறந்து வைத்துக்கொண்டு, லூக்கா 18:19ஐயும் சேர்த்துப் பாருங்கள்: லூக்கா எந்தப் பக்கம் நிற்கிறார் என்பது கிரேக்கம் தெரியாமலே உங்களுக்குத் தெரியும்.