பணம் கைக்கு வந்த பிறகு கையெழுத்து: மோசடி வழக்கில் சமரசம் – வாசகர் கேள்வி பதில்

கேள்வி: மனைக்கு 8 லட்சம் முன்பணம் வாங்கிக்கொண்டு கிரயம் செய்து தராமல் இழுத்தடித்தவர் மேல் மோசடி, நம்பிக்கை மோசடி என்று எஃப்.ஐ.ஆர். ஆகியிருக்கிறது. இப்போது பணத்தைத் தருகிறேன் என்கிறார். ‘ஸ்டேஷனில் எழுதிக் கொடுத்தால் கேஸ் முடிந்தது’ என்கிறார்கள். சரிதானா? – வாசகர், காரைக்குடி

பதில்: சரியில்லை. சி.எஸ்.ஆர். ரசீது (எஃப்.ஐ.ஆருக்கு முன் ஸ்டேஷனில் புகார் மனுவுக்குத் தரும் ரசீது) போட்ட நிலையிலேயே பணம் வந்திருந்தால் மனுவை அங்கேயே முடித்திருக்கலாம். எஃப்.ஐ.ஆர். பதிவான பிறகு, ‘இருவரும் சமாதானமாகிவிட்டார்கள்’ என்ற காரணத்துக்காக வழக்கை மூட ஆய்வாளருக்கு அதிகாரம் இல்லை. நீங்கள் எழுதிக் கொடுத்த தாள் கேஸ் கட்டில் கிடக்கும். குற்றப்பத்திரிகை போய், ஒரு நாள் சாட்சி சம்மன் வீட்டுக்கு வரும்.

மோசடி (பழைய இந்திய தண்டனைச் சட்டத்தில் 420, இப்போது பி.என்.எஸ். என்கிற பாரதிய நியாய சன்ஹிதாவில் 318(4)), நம்பிக்கை மோசடி (பழைய 406, இப்போது 316(2)) இரண்டும் நீதிமன்ற அனுமதியோடு ராஜி செய்யக்கூடியவை, அதாவது இரு தரப்பும் சமரசமாகி முடித்துக்கொள்ளக்கூடியவை. சம்பவம் 1.7.2024-க்கு முன்பு என்றால் பழைய எண்களே எஃப்.ஐ.ஆரில் இருக்கும். வழக்கு நடக்கும் நீதிமன்றம்தான் அனுமதி தரவேண்டும் என்பதால், குற்றப்பத்திரிகை கோப்பில் ஏறிய பின் உங்கள் நீதித்துறை நடுவர் முன் இருவரும் ஆஜராகி ராஜி மனு கொடுக்கலாம். அனுமதி கிடைத்தால் அது எதிரிக்கு (குற்றம் சாட்டப்பட்டவருக்கு) விடுதலைத் தீர்ப்புக்குச் சமம். புலனாய்வு நிலையிலேயே முடிக்க வேண்டுமென்றால் உயர் நீதிமன்ற மதுரைக் கிளைக்குத்தான் போகவேண்டும்.

எஃப்.ஐ.ஆரில் பழைய 294(பி) (இப்போது பி.என்.எஸ். 296(பி)) இருக்கிறதா என்றும் பாருங்கள். பணம் கேட்கப் போன இடத்தில் கெட்ட வார்த்தையில் திட்டினார் என்று ஒரு வரி இருந்தால் இந்தப் பிரிவும் சேர்ந்துவிடும். அது ராஜிக்கு உரியதல்ல. அந்த ஒரு பிரிவுக்காக மொத்த வழக்கும் மதுரைக்குப் போவது உண்டு.

கேள்வி: எங்கள் ஐயா காலத்து வீட்டில் 6 பங்கு. ஒரு பங்காளி மற்றவர்கள் கையெழுத்தைப் போலியாகப் போட்டு பவர் தயாரித்து வீட்டை விற்றுவிட்டார். வழக்கு நடக்கிறது. பெரியவர்கள் பேசியதில், வீட்டைத் திருப்பித் தர அவர் சம்மதித்துவிட்டார். நடுவர் நீதிமன்றத்தில் ராஜி ஏற்க முடியாது என்கிறார்கள். பங்குக்காரர் ஒருவர் மலேசியாவில் இருக்கிறார். என்ன வழி? – வாசகர், தேவகோட்டை

பதில்: போலிக் கையெழுத்து வந்துவிட்டதால் பழைய 467, 468, 471 பிரிவுகள் (இப்போது பி.என்.எஸ். 338, 336(3), 340(2)) சேர்ந்திருக்கும். அவை ராஜிப் பட்டியலில் இல்லை. பட்டியலில் இல்லாததை ராஜி செய்யக்கூடாது என்று சட்டமே தடுக்கிறது, ஆகவே நடுவர் மறுத்தது சரியே.

வழி, மதுரைக் கிளையில் பி.என்.எஸ்.எஸ். (புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டம்) 528-ன் கீழ் (பழைய 482) வழக்கை ரத்து செய்யக் கோருவது. ராஜிக்கு உரியதல்லாத வழக்கையும், தகராறு சிவில் தன்மை மேலோங்கியதாகவும் தனிப்பட்டவர்களுக்குள் அடங்கியதாகவும் இருந்தால், உயர் நீதிமன்றம் ரத்து செய்யலாம் என்று கியான் சிங் வழக்கில் (2012) உச்ச நீதிமன்றம் தெளிவாக்கியது. பங்காளிகளுக்குள் வந்த சொத்துத் தகராறு இதில் அடங்க வாய்ப்பு அதிகம். சாட்சி விசாரணை முடிந்து தீர்ப்பு நெருங்கிய வழக்கில் நீதிமன்றம் தயங்கும் என்பது நரிந்தர் சிங் வழக்கு (2014). ஆகவே தள்ளிப்போடாதீர்கள்.

மனுவை எதிரிதான் தாக்கல் செய்யவேண்டும். காவல்துறை முதல் எதிர்மனுதாரர், புகார் கொடுத்தவர் இரண்டாவது. கூட்டு சமரசக் குறிப்பு, ஒவ்வொருவரின் பிரமாணப் பத்திரம், ஆதார் நகல் வைக்கவேண்டும். நீதிபதி நேரில் கேட்பார், ஸ்டேஷனிலிருந்து வரும் அலுவலர் ஆட்களை அடையாளம் காட்டுவார். மிரட்டிக் கையெழுத்து வாங்கியது தெரிந்தால் மனு தள்ளுபடி.

பெரும்பாலும் கோட்டை விடுவது பத்திரத்தில்தான். குற்ற வழக்கு ரத்தானாலும் போலிக் கிரயம் வில்லங்கச் சான்றில் அப்படியே நிற்கும், அடுத்த தலைமுறை பாகம் பிரிக்கும்போது தலைவலியாகும். வாங்கியவரும் இதில் ஏமாந்தவரே. அவருடைய பணம் திரும்பாமல் அவர் கையெழுத்துப் போடமாட்டார், அவர் இல்லாமல் ரத்துப் பத்திரம் எழுதவும் முடியாது. எனவே முதலில் அவருக்குப் பணம், அடுத்து சார்பதிவாளர் அலுவலகத்தில் அவரும் சேர்ந்து ரத்துப் பத்திரம், புதிய வில்லங்கச் சான்று, பிறகு மதுரை. சிவில் வழக்கு இருந்தால் அதையும் சமரசக் குறிப்பில் எண்ணோடு எழுதுங்கள். தேக்குத் தூண், நிலைக்கதவு எதையாவது கழற்றியிருந்தால் அதைத் தனி அட்டவணையாகப் போட்டு, திரும்பும் தேதியையும் குறியுங்கள்.

‘நான் கொடுத்த புகார் பொய்’ என்று மட்டும் எழுதிக் கொடுக்காதீர்கள். எதிர்த்தரப்பு அந்த வரியைக் கேட்பது வழக்கம். பொய்ப் புகார் தனிக் குற்றம். ‘சமரசமாகிவிட்டதால் மேற்கொண்டு நடத்த விரும்பவில்லை’ என்பது போதும்.

மலேசியாவில் இருப்பவர் கோலாலம்பூர் இந்திய தூதரகத்தில் சான்றிட்ட பவர் அனுப்பலாம். அது இந்தியாவுக்கு வந்த 3 மாதத்துக்குள் முத்திரைத் தீர்வை கட்டியாக வேண்டும். அவர் காணொலியில் ஆஜராக அனுமதியும் முன்கூட்டியே கேளுங்கள். 6 பங்கில் ஒருவர் விடுபட்டாலும் சமரசம் அரைகுறைதான்.

கேள்வி: மோசடி வழக்கின் எதிரி, பாதிப் பணம் இப்போது, மீதிக்கு மூன்று செக் தருகிறேன் என்கிறார். ராஜிக்குச் சம்மதிக்கலாமா? – வாசகர், பள்ளத்தூர்

பதில்: வேண்டாம். ராஜி ஏற்கப்பட்டால் விடுதலை விடுதலைதான். செக் திரும்பினால் பழைய வழக்கு தானாக உயிர் பெறாது. தவணை தவிர்க்க முடியாதென்றால் கடைசித் தவணை வரை வாய்தா கேளுங்கள். முடிக்கும் நாளில் டி.டி.யை நீதிமன்றத்தில் வைத்தே வாங்குங்கள், அல்லது ஆர்.டி.ஜி.எஸ். வரவைப் பாஸ்புக்கில் பார்த்துவிட்டுக் கையெழுத்திடுங்கள். ராஜிக்கு உரிய வழக்கானால் மக்கள் நீதிமன்றத்தில் முடிப்பது நல்லது. அங்கே எழுதப்படும் தீர்வு சிவில் டிகிரிக்குச் சமம், பணம் வராவிட்டால் நிறைவேற்று மனுவே போடலாம்.

கேள்வி: நிதி நிறுவனத்தில் போட்ட 3 லட்சம் எனக்கு மட்டும் திரும்பி வந்துவிட்டது. பிரமாணப் பத்திரம் கேட்கிறார்கள். வழக்கு முடிந்துவிடுமா? – வாசகர், புதுவயல்

பதில்: முடியாது. பலரிடம் வைப்புத்தொகை வாங்கி ஏமாற்றிய வழக்கு தனிநபர் தகராறு அல்ல. சமூகத்தின் பொருளாதார நலனைப் பாதிக்கும் குற்றத்தைச் சமரசத்தால் மட்டும் ரத்து செய்யக்கூடாது என்று பர்பத்பாய் ஆஹிர் வழக்கில் (2017) உச்ச நீதிமன்றம் வரையறுத்திருக்கிறது. தமிழ்நாட்டில் இதற்கென 1997-ல் வந்த முதலீட்டாளர் பாதுகாப்புச் சட்டமும், மதுரையில் தனி நீதிமன்றமும் உண்டு. வாங்கிய தொகை, தேதி இரண்டை மட்டும் உண்மையாக எழுதிக் கொடுங்கள். ‘எல்லோருக்கும் கொடுத்துவிட்டார்கள்’ என்று தட்டச்சு செய்து வந்தால் அந்த வரியை அடித்துவிடுங்கள். இன்னும் பணம் வராதவர்களின் வழக்கை அந்த வரி பலவீனமாக்கும்.