மறுமொழி: பிராங்க் வுட்ஸ் பெயரில் ஒரு விமர்சனமும் கிடைக்கவில்லை

வணக்கம் தோழர். 1908 முதல் 1911 வரையிலான இதழ்களில் அமெரிக்கப் பட விமர்சகரும் திரைக்கதை எழுத்தாளருமான 'பிராங்க் வுட்ஸ்' பெயரைத் தேடி ஒன்றும் சிக்கவில்லை என்று எழுதியிருந்தீர்கள். சிக்காது. 'நியூயார்க் டிராமட்டிக் மிரர்' இதழில் அவர் எழுதிய பத்தி 'ஸ்பெக்டேட்டர்' என்ற புனைபெயரில் வந்தது. அந்தப் பெயரையும் இதழின் பெயரையும் சேர்த்துத் தேடுங்கள். நடிகர்கள் கேமராவைப் பார்க்கக் கூடாது என்று அவர் மல்லுக்கு நின்ற பத்திகள் கட்டாயம் உங்களுக்கு உதவும்.

படங்களுக்கு அவர் எழுதிய கதைகளுக்கும் இதே சிக்கல்தான். பயோகிராப் என்ற அமெரிக்கப் படத் தயாரிப்பு நிறுவனம் அப்போது நடிகர் பெயரையே திரையில் போடாது. எழுத்தாளர் பெயருக்கு எங்கே போவது? ஆனால் உங்கள் கட்டுரையின் உயிரே இங்கேதான் இருக்கிறது: இயக்குநர் டி. டபிள்யூ. கிரிஃபித்தின் பயோகிராப் படங்களை இதழில் மதிப்பிட்டவரே அதே நிறுவனத்துக்குக் கதையும் விற்றார். இன்றைக்கென்றால் சும்மா விடுவார்களா? 'அந்தக் காலத்தில் சகஜம்' என்று ஒரே வரியில் கடந்துவிடாதீர்கள்.

1915இல் வெளியான 'தி பர்த் ஆஃப் எ நேஷன்' படத்தின் திரைக்கதையில் கிரிஃபித்தோடு அவர் பெயரும் உண்டு. கறுப்பினத்தவரை இழிவாகக் காட்டும் அதன் இனவெறியில் அவருக்கும் பங்குண்டு என்பதை மழுப்பாமல் எழுதுங்கள். பிறகு டிரையாங்கிள் என்ற பட நிறுவனத்தில் கதைப் பிரிவை நடத்தினார். திரைக்கதை எழுத்தாளர் அனிதா லூஸ் அங்கே எழுதியவர்தான். 1927இல் ஆஸ்கர் அகாடமியைத் தொடங்கிய 36 பேரில் அவரும் ஒருவர். இதற்கு ஒரு பத்தி போதும்.