ஆறு எம்பியில் புதுப்படமா?

தங்கச்சிமடம் வாசகர்: டெலிகிராம் லிங்கில் படம் இறக்கப் போனேன். ‘பிளேயர்’ ஆப் ஒன்றைப் போடச் சொன்னது, போட்டேன். மறுநாள் வங்கிக் கணக்கில் 18,400 ரூபாய் காணோம். ஓடிபியை யாரிடமும் சொல்லவில்லை.

நீங்கள் சொல்லத் தேவையே இல்லை. எஸ்எம்எஸ் படிக்க அனுமதி கேட்டிருக்கும், கொடுத்திருப்பீர்கள். ஓடிபியை ஆப்பே எடுத்துக்கொண்டது. போனில் நெட்டை அணைத்துவிட்டு, வேறு போனிலிருந்து உடனே சைபர் குற்ற உதவி எண் 1930-க்குப் பேசுங்கள். பிறகு வங்கி. “நீங்கள்தானே ஆப்பைப் போட்டீர்கள்” என்று கைகழுவப் பார்ப்பார்கள், விடாதீர்கள். புகாரை எழுதிக் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். ரிசர்வ் வங்கியின் 2017 விதிப்படி, புகார் கொடுத்த பிறகு போகும் பணத்துக்கு வங்கிதான் பொறுப்பு. 30 நாளில் முடிவு வராவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரான ஓம்புட்ஸ்மனிடம் போகலாம். ஏமாற்றியவனை விட்டுவிட்டு உங்களைத் திட்டுகிற சொந்தக்காரர்களுக்கு இப்போதைக்குப் பதில் சொல்ல வேண்டாம்.

தேவிபட்டினம் வாசகர்: இறக்கிய புதுப்படம் 6 எம்பிதான் இருக்கிறது, பெயர் ‘ஏபிகே’ என்று முடிகிறது. திறக்கலாமா?

அழியுங்கள். அது படமில்லை, போனில் ஆப்பைப் போடும் ஃபைல்.

பாம்பன் வாசகர்: கடலில் சிக்னல் கிடையாது. செல் கடையில் 50 ரூபாய்க்கு மெமரி கார்டில் படம் ஏற்றித் தருகிறார்கள். வேறு வழி உண்டா?

உண்டு. ஓடிடி ஆப்களில் டவுன்லோடு வசதி இருக்கிறது. கரையிலேயே இறக்கிக்கொள்ளுங்கள். படம் ஆப்புக்குள்தான் இருக்கும், கேலரியில் தேடாதீர்கள். காலக்கெடுவும் உண்டு என்பதால், புறப்படுமுன் நெட்டை அணைத்து ஒருமுறை ஓட்டிப் பாருங்கள். கடலில் வேண்டாம், வீட்டில் பார்த்தால் போதுமென்றால் வருடச் சந்தா எதற்கு? ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை மீன்பிடித் தடைக்காலம், 61 நாள் வீட்டில்தானே இருப்பீர்கள்; அந்த இரண்டு மாதத்துக்குக் கட்டினால் போதும். காசே வேண்டாமென்றால், தயாரிப்பாளர்களே யூடியூபில் போட்டிருக்கும் பழைய படங்கள் இருக்கின்றன. தூர்தர்ஷனை நடத்தும் பிரசார் பாரதியின் ‘வேவ்ஸ்’ ஆப்பும் இருக்கிறது. மலிவு கார்டு, பென்டிரைவ் பக்கம் மட்டும் போகாதீர்கள். 300 ரூபாய்க்கு நான் வாங்கிய ‘1 டிபி’ பென்டிரைவில் 8 ஜிபிக்கு மேல் எதைப் போட்டாலும் கெட்டுப்போகிறது.

கீழக்கரை வாசகி: ஒரு ரூபாய் ‘ட்ரயல்’ எடுத்தேன். ஆப்பை நீக்கியும் மாதம் 299 பிடிக்கிறார்கள்.

இதைக் கேட்டாலே எனக்கு ஆத்திரம் வரும். காசு கொடுத்து முறையாகப் பார்க்க வருகிறவர்களை இப்படி அடித்தால், அவர்கள் திருட்டு லிங்க்கைத்தானே தேடுவார்கள்? சேருவதற்கு ஒரே ஒரு பட்டன். விலகும் வழியை ஏழு திரைக்குப் பின்னால் ஒளித்து வைப்பார்கள். 2023 நவம்பரில் மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் தடை செய்த 13 வகைத் தந்திரங்களில் இந்தச் சந்தாப் பொறியும் ஒன்று. ஆப்பை நீக்கினால் சந்தா நிற்காது. உங்கள் யுபிஐ ஆப்பில் ‘ஆட்டோபே’ பகுதிக்குப் போய் ரத்து செய்யுங்கள். பிடித்த பணத்தை நிறுவனத்திடம் எழுத்தில் கேளுங்கள்; மசியாவிட்டால் 1915, தேசிய நுகர்வோர் உதவி எண். பணம் பிடிப்பதற்கு 24 மணி நேரம் முன்பே உங்களுக்குத் தகவல் வந்திருக்க வேண்டும். வரவில்லையென்றால் அதையும் புகாரில் சேருங்கள்.

ஏர்வாடி வாசகர்: டொரண்டில் இறக்கி நான் மட்டும்தான் பார்க்கிறேன், யாருக்கும் கொடுப்பதில்லை. தப்பா?

கொடுக்கிறீர்கள். டொரண்டில் இறங்கிக்கொண்டிருக்கும்போதே உங்கள் கணினி அடுத்தவனுக்கு அனுப்பிக்கொண்டிருக்கும். பதிப்புரிமைச் சட்டம் 63-ஆம் பிரிவு, 6 மாதம் முதல் 3 வருடம் வரை சிறை. நெட்டில் நம் அடையாளத்தை மறைக்கும் விபிஎன் பற்றி அடுத்த கடிதம் எழுத வேண்டாம்.