பூட்டை உடைத்த அண்ணன், ‘சிவில் மேட்டர்’ என்கிற ஸ்டேஷன்: கோர்ட் மூலம் போலீஸ் பாதுகாப்பு கிடைக்குமா?

கேள்வி: அப்பா உயில் எழுதாமல் இறந்துவிட்டார். திண்டுக்கல் அருகே அவர் சம்பாதித்து வாங்கிய வீட்டில் நானும் 67 வயது அம்மாவும் இருக்கிறோம். திருப்பூரில் இருக்கும் அண்ணன் போன மாதம் நாலு பேரோடு வந்து பூட்டை உடைத்து, சாமான்களை வெளியே எறிந்தார். ‘அடுத்த தடவை ஜேசிபியோடு வருவேன்’ என்கிறார். ஸ்டேஷனில் ‘சிவில் மேட்டர், கோர்ட்டுக்குப் போம்மா’ என்று அனுப்பிவிட்டார்கள். கோர்ட் மூலம் போலீஸ் பாதுகாப்பு வாங்க முடியுமா?

பதில்: முடியும், சகோதரி. ஆனால் நேராக உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போய் ரிட் (போலீசுக்கு உத்தரவிடக் கோரும் மனு) போட்டுவிடாதீர்கள். கையில் சிவில் கோர்ட் உத்தரவு இல்லாவிட்டால், அங்கேயும் பெரும்பாலும் ‘சிவில் கோர்ட்டுக்குப் போங்கள்’ என்றுதான் சொல்வார்கள். முதலில் தடையுத்தரவு, அதன் பிறகுதான் போலீஸ்.

ஸ்டேஷனில் சொன்னதில் பாதிதான் சரி. வீடு யாருக்கு என்பது சிவில். பூட்டை உடைத்ததும் மிரட்டியதும் குற்றம். அதனால் தேதி, நேரம், வந்தவர்கள் விவரத்தோடு புகார் எழுதிக் கொடுத்து சி.எஸ்.ஆர். ரசீது (புகாரைப் பெற்றதற்கு ஸ்டேஷனில் தரும் ரசீது) கேளுங்கள். வாங்க மறுத்தால் அதே புகாரை எஸ்.பி.க்குப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். அந்த ரசீதும் தபால் ஒப்புகை அட்டையும் பின்னால் கோர்ட்டில் பேசும். உடைந்த பூட்டையும் நாதாங்கியையும் தூக்கிப் போட்டுவிடாதீர்கள். போட்டோ எடுத்து, அப்படியே ஒரு பையில் கட்டி வையுங்கள்.

அடுத்து, பாகப்பிரிவினை வழக்கும் அதோடு தடையுத்தரவு மனுவும். இந்து வாரிசுரிமைச் சட்டப்படி, அப்பாவைப் பெற்ற பாட்டி உயிரோடு இல்லை, வேறு வாரிசும் இல்லை என்றால் அம்மா, அண்ணன், நீங்கள் மூவருக்கும் சம பங்கு. அண்ணனும் பங்காளி என்பதால் ‘அவர் வாசல்படி மிதிக்கவே கூடாது’ என்று கேட்டால் கிடைப்பது கஷ்டம். ‘சட்டப்படி அல்லாமல் எங்களை வெளியேற்றக் கூடாது, கட்டடத்தை இடிக்கக் கூடாது, வெளியாளுக்கு விற்கக் கூடாது’ என்று கேளுங்கள். இங்கே எடுபடுவது, வீடு உங்கள் அனுபவத்தில் (கைவசத்தில்) இருப்பதற்கான ஆதாரம்தான்: கரண்ட் பில், வீட்டு வரி ரசீது, ரேஷன் கார்டு, கேஸ் புத்தகம்.

அவசரம் புரிந்தால் அண்ணனை விசாரிக்காமலேயே இடைக்காலத் தடை தருவார்கள். அப்படி வாங்கியவர்கள் அடிக்கடி கோட்டைவிடும் இடம் ஒன்று உண்டு. உத்தரவு நகலையும் மனு, ஆவணங்களையும் உடனே அண்ணனுக்குப் பதிவுத் தபாலில் அனுப்பி, அனுப்பியதாக மறுநாளுக்குள் கோர்ட்டில் பிரமாணப் பத்திரம் போட வேண்டும். விட்டுவிட்டால் எதிர்த்தரப்பு வக்கீல் முதலில் கை வைப்பது அதில்தான். அப்புறம், உத்தரவின் சான்றிட்ட நகலை ஸ்டேஷனில் கொடுத்து, உங்கள் பிரதியில் சீலும் தேதியும் வாங்கிக்கொள்ளுங்கள்.

அதற்கும் மேல் அண்ணன் வந்தால், அதே கோர்ட்டில் உரிமையியல் நடைமுறைச் சட்டம் பிரிவு 151-இன் கீழ் போலீஸ் உதவி கேட்டு மனு போடலாம். மனு ஏற்கப்பட்டால், தடையுத்தரவை அமல்படுத்த உதவும்படி இன்ஸ்பெக்டருக்கே கோர்ட் உத்தரவிடும். கூடவே அதே சட்டத்தின் கட்டளை 39 விதி 2ஏ-யில் ஒரு மனு. உத்தரவை மீறியவருக்கு 3 மாதம் வரை சிவில் சிறை உண்டு. இதற்குப் பிறகும் போலீஸ் அசையவில்லை என்றால், உயர் நீதிமன்ற ரிட் அப்போது பலமாக நிற்கும்.

சிவில் கோர்ட்டோடு நிற்க வேண்டியதில்லை. அண்ணனும் ஒரு காலத்தில் அதே வீட்டில் உங்களோடு வாழ்ந்தவர் என்றால், 2005-ஆம் ஆண்டு குடும்ப வன்முறைத் தடுப்புச் சட்டத்தில் நீங்களும் அம்மாவும் மாஜிஸ்திரேட்டிடம் போகலாம். வசிப்பிட உத்தரவோடு (வீட்டிலிருந்து உங்களை வெளியேற்றக் கூடாது என்ற உத்தரவு), பாதுகாப்பு கொடுக்கும்படி ஸ்டேஷன் அதிகாரிக்கு உத்தரவிட அதன் 19-ஆவது பிரிவிலேயே இடம் இருக்கிறது. உங்கள் நிலைமையில் நான் இதையும் சேர்த்தே போடச் சொல்வேன்.

வக்கீல் ஃபீஸுக்குப் பயப்படாதீர்கள். மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் பெண்களுக்கு வருமான வரம்பு பார்க்காமல் இலவச வக்கீல் தருவார்கள். எண் 15100.

இதற்கிடையில் ஆட்களோடு வந்துவிட்டால் வாக்குவாதம் வேண்டாம். கதவைத் தாழிட்டுவிட்டு 100 அல்லது 112-க்கு அழையுங்கள். அடி விழுந்தால் அன்றைக்கே அரசு மருத்துவமனைக்குப் போய், யார் அடித்தது என்று சொல்லி ஏ.ஆர். (மருத்துவமனையின் விபத்துப் பதிவேடு) பதிவு போடச் சொல்லுங்கள்.