இரும்பு ஆடும் நீரூற்று

கேள்வி: சுவிட்சர்லாந்தின் பாசெல் நகரில் பழைய இரும்பில் செய்த உருவங்கள் தண்ணீருக்குள் நின்று ஆடுகின்றனவாமே! ஷாக் அடிக்காதா?
– வாசகர், ஈரோடு

பதில்: அடிக்காது. மோட்டார்கள் குறைந்த வோல்டேஜில்தான் ஓடுகின்றன. சிற்பி ழான் டிங்குலி 1977இல் அமைத்த நீரூற்று அது. இடிக்கப்பட்ட நாடக அரங்கு நின்ற இடத்திலேயே, அதன் மேடை இயந்திரங்களின் பாகங்களைக் கொண்டு 10 உருவங்கள் செய்தார். கருப்புத் தார் பூசிய தொட்டி, ஆழம் குறைவு. ஓர் உருவம் சல்லடையால் ஓயாமல் நீரை அள்ளுகிறது, எல்லாம் ஒழுகிவிடுகிறது. அற்புதமான கற்பனை!

இத்தகைய நீரூற்றுகளுக்குப் பராமரிப்புதான் உயிர். தெறிக்கும் நீர் பேரிங்கிலுள்ள கிரீஸைக் கழுவிவிடும்; பிறகு துரு ஏறி அச்சு இறுகும். உப்புப் படிந்தால் நீர்த்தாரை கோணலாகும். இலைகள் பம்பு வடிகட்டியை அடைக்கும்; அதை அடிக்கடி கழற்றிக் கழுவ வேண்டும். கடுங்குளிரில் தெறிக்கும் நீர் உருவங்கள்மேல் பனிக்கட்டியாகத் தொங்கும். பார்க்கச் சிறந்த காலம் அதுவே.