மீதியில் பாதி: ஒரு கடிதம்

அன்புள்ள ஐயா,

என் மகள் ஐந்தாம் வகுப்பு படிக்கிறாள். பின்னங்களைக் கூட்டச் சொன்னால் மடமடவென்று கூட்டிவிடுவாள். அதையே வாக்கியக் கணக்காகக் கொடுத்தால் "கூட்டணுமா, கழிக்கணுமா?" என்று என் முகத்தைப் பார்க்கிறாள். ‘மொத்தம்’ என்று வந்தால் கூட்டு, ‘மீதி’ என்று வந்தால் கழி என்று டியூஷனில் ஒரு பட்டியல் கொடுத்திருக்கிறார்கள். அதை மனப்பாடம் செய்தும் பாதிக்குப் பாதி தப்பாகிறது. என்ன செய்யலாம்?

எஸ்.,
காவேரிப்பட்டணம், கிருஷ்ணகிரி மாவட்டம்

அன்புள்ள எஸ்.,

முதலில் அந்தப் பட்டியலைத் தூக்கிப் போடுங்கள்.

உங்கள் ஊர் மாங்காய் மண்டியிலிருந்தே ஒரு கணக்கு. ஒரு பெட்டியில் வந்த பழங்களில் கால் பங்கு அழுகல், எடுத்துப் போட்டாயிற்று. மீதியில் பாதி விற்றது. இப்போது பெட்டியில் இருப்பவை 18. வந்தது எத்தனை?

பட்டியலை நம்பும் குழந்தை 1/4-ஐயும் 1/2-ஐயும் கூட்டும். 3/4 போய்விட்டது, மீதி 1/4 தான் 18, அப்படியானால் 72 என்று எழுதும். கூட்டியதில் பிழை இல்லை, கழித்ததிலும் இல்லை. ஆனால் 72-ஐ வைத்துக் கதையை முதலிலிருந்து ஓட்டிப் பாருங்கள். அழுகியது 18, நின்றது 54, அதில் பாதி விற்றால் கையில் 27. கணக்கில் 18 என்றல்லவா இருக்கிறது? அந்தப் பாதி, அழுகல் போக நின்றதில் பாதி. குழந்தை அதை முழுப் பெட்டியில் பாதி என்று எடுத்துக்கொண்டது. சறுக்கிய இடம் இது ஒன்றுதான்.

அதனால் ஒவ்வொரு பின்னம் வரும்போதும் "எதில்?" என்று கேட்கப் பழக்குங்கள். கூட்டலா கழித்தலா என்பது அதற்கு அப்புறம். கேட்டதை நோட்டில் ஒரு நீளப் பட்டையாக வரையட்டும். பட்டையை நாலாகப் பிரித்து ஒன்றை அடிக்க வேண்டும், அது அழுகல். நிற்கும் மூன்று கட்டத்தையும் குறுக்கே பாதியாக்கினால் ஆறு சின்னக் கட்டம். மூன்று விற்றது, மூன்று பெட்டியில். மூன்று கட்டம் 18 என்றால் ஒன்று 6. அடித்த கட்டத்திலும் இரண்டு சின்னக் கட்டம் உண்டு, ஆக எட்டு. 48 பழம். பொதுப் பகுதி, குறுக்குப் பெருக்கல் எதுவும் இல்லாமல் விடை வந்துவிட்டது. சூத்திரம் பிறகு வரட்டும், அவசரமில்லை.

இன்னொரு இடத்திலும் குழந்தைகள் தடுக்கி விழுவார்கள். 6 கிலோ கேழ்வரகில் முக்கால் கிலோ அரைத்தால் மீதி ஐந்தேகால் கிலோ. முக்கால் பங்கை அரைத்தால் மீதி ஒன்றரை கிலோதான். எழுத்தில் இரண்டுமே 3/4. இந்த இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் எழுதி வாய்விட்டுப் படிக்கச் சொல்லுங்கள். உங்கள் வீட்டுக் களிமாவு டப்பாவையே எடுத்து அளந்து காட்டினாலும் நல்லதுதான்.

டியூஷனை நிறுத்தச் சொல்லவில்லை. ஆனால் ஒரு நாளைக்குப் பத்து கணக்கு வேண்டாம். இரண்டு போதும், பட்டையோடு. வந்த விடையை வைத்துக் கதையை மறுபடி ஓட்டிப் பார்த்த பிறகுதான் நோட்டை மூட வேண்டும். அது பழகியதும் அவளையே ஒரு ‘மீதியில் பாதி’ கணக்கு எழுதச் சொல்லுங்கள். எழுதினால் எனக்கும் அனுப்புங்கள், நான் போட்டுப் பார்க்கிறேன்.