மூன்றாவது போர் போடுவதற்கு முன்னால் முற்றத்தை அளந்து பாருங்கள்

கேள்வி: கானாடுகாத்தானுக்குப் பக்கத்து ஊரில் எங்கள் பூர்வீக வீடு இருக்கிறது. ஓய்வு பெற்றபின் நானும் மனைவியும் அங்கேயே வந்து இருக்கப்போகிறோம். போர் தண்ணீர் உப்புக் கரிக்கிறது, பருப்பு வேக மாட்டேன் என்கிறது. ஏற்கெனவே இரண்டு போர் போட்டாயிற்று. இன்னும் ஆழமாக மூன்றாவது ஒன்று போடலாம் என்கிறார் ஒருவர். ஆர்.ஓ. மெஷின் வைத்துக்கொள்ளுங்கள் என்கிறார் இன்னொருவர். என் அப்பத்தா காலத்தில் முற்றத்தில் விழும் மழைத்தண்ணீரை அண்டாவில் பிடித்து வைத்துக் குடித்தார்கள். இப்போது அதைச் செய்ய முடியுமா? எவ்வளவு பெரிய தொட்டி கட்ட வேண்டும்?

பதில்: முடியும். குடிக்கவும் சமைக்கவும் உங்களுக்கு வேண்டிய தண்ணீர் முழுவதையும் உங்கள் ஓட்டின் ஒரே ஒரு பக்கத்துச் சரிவு தந்துவிடும். மூன்றாவது போர் போடும் யோசனையை இப்போதைக்கு ஒத்திவையுங்கள்.

பருப்பு வேகவில்லை என்று எழுதியிருந்தீர்களே, அந்த ஒரு வரியே பாதி விஷயத்தைச் சொல்லிவிட்டது. தண்ணீரில் வெறும் உப்பு மட்டும் இருந்தால் நாக்கில்தான் தெரியும். கால்சியமும் மக்னீசியமும் கூடினால்தான் அது பருப்பின் செல் சுவரை இறுக்கிப் பிடித்து, எத்தனை விசில் விட்டாலும் மையவிடாமல் செய்யும். பாத்திரத்தில் வெள்ளைப் படிவு, சோப்பு நுரைக்காதது எல்லாம் இதே காரணத்தால்தான். மழைத்தண்ணீரில் இந்த இரண்டும் கிட்டத்தட்ட இல்லை. அண்டாத் தண்ணீரில் பருப்பு பூப்போல வெந்தது என்று உங்கள் வீட்டுப் பெரியவர்கள் சொல்லியிருந்தால் அதில் கொஞ்சமும் மிகையில்லை.

ஆழம் போனால் நல்ல தண்ணீர் கிடைக்கும் என்பது பொதுவிதி இல்லை. நம் பகுதியில் நிலத்தடி ஒரே மாதிரி இருப்பதில்லை. கிழக்கே படிவுப் பாறைகள், மேற்கே போகப்போகக் கடினப்பாறை. காரைக்குடிக்குச் சம்பை ஊற்றிலிருந்து அருமையான தண்ணீர் கிடைப்பது படிவுப் பாறையின் கொடை. கடினப்பாறையில் கீழே போகப்போக வெடிப்புகள் குறையும். அங்கே கிடைக்கும் கொஞ்சத் தண்ணீரும் பாறையோடு நெடுங்காலம் கிடந்து உப்பைக் கரைத்து வைத்திருக்கும். உங்கள் தெருவிலேயே உங்களைவிட ஆழமாகப் போர் போட்டவர் வீட்டில் ஒரு பாட்டில் தண்ணீர் வாங்கிப் பரிசோதித்துப் பாருங்கள். செலவு மிகக் குறைவு, பதிலும் தெளிவாகக் கிடைக்கும்.

ஆர்.ஓ. பற்றி ஒன்று. விற்க வருகிறவர் பேனா மாதிரி ஒரு மீட்டரைத் தண்ணீரில் முக்கி எண்ணைக் காட்டுவார். அந்த டி.டி.எஸ். எண் கரைந்த உப்புகளின் மொத்த அளவைத்தான் சொல்லும். கிருமி இருக்கிறதா, ஃப்ளூரைடு இருக்கிறதா என்பது அதில் தெரியாது. குடிநீருக்கான இந்தியத் தர நிர்ணயத்தில் டி.டி.எஸ். லிட்டருக்கு 500 மில்லிகிராமுக்குள் இருப்பது நல்லது, வேறு வழியில்லை என்றால் 2000 வரை ஏற்கலாம். ஃப்ளூரைடு 1, அதிகபட்சம் 1.5. நைட்ரேட் 45-ஐத் தாண்டவே கூடாது. குடிநீர் வடிகால் வாரியத்தின் மாவட்ட ஆய்வுக்கூடத்தில் கொடுத்து இவற்றைப் பார்த்துக்கொள்ளலாம். வீட்டு ஆர்.ஓ. மெஷின் பெரும்பாலும் ஒரு லிட்டர் நல்ல தண்ணீருக்கு இரண்டு மூன்று லிட்டரை வெளியே தள்ளும். அந்த உப்புக் கழிவைத் தினமும் தோட்டத்தில் விட்டால் மண் கெடும். கூரையில் விழும் நல்ல தண்ணீரைத் தெருவில் விட்டுவிட்டு, பூமிக்கு அடியிலிருந்து உப்பை இறைத்து வடிகட்டிக் குடிப்பது எனக்கு மனசுக்கு ஒப்பவில்லை.

சரி, கணக்குக்கு வருவோம். ஒரு சதுர மீட்டரில் ஒரு மில்லிமீட்டர் மழை பெய்தால் ஒரு லிட்டர் தண்ணீர். இது ஒன்றை மட்டும் மனதில் வைத்துக்கொண்டால் போதும். வளவை, அதாவது முற்றம் இருக்கும் உள்கட்டைச் சுற்றியுள்ள ஓட்டில் ஒரு பக்கம் 40 அடி நீளம், 15 அடி அகலம் என்று வைத்துக்கொள்வோம். சரிவை அளக்காதீர்கள், அதற்குக் கீழே உள்ள தரையின் அளவுதான் கணக்கு. 600 சதுர அடி, அதாவது சுமார் 56 சதுர மீட்டர். நாட்டு ஓடு கொஞ்சம் உறிஞ்சும், கொஞ்சம் சிதறும், அதனால் முக்கால் பங்கை மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். வடகிழக்குப் பருவமழையில் 400 மி.மீ. பெய்தால் இந்த ஒரு சரிவில் மட்டும் 16,800 லிட்டர் இறங்கும்.

தேவை எவ்வளவு? நீங்கள் இருவர், வேலைக்கு வருகிறவர், வந்து போகும் பிள்ளைகள் என்று சராசரியாக நாலு பேர் வைத்துக்கொண்டால், ஆளுக்குப் பத்து லிட்டர் குடிக்கவும் சமைக்கவும் தாராளம். ஒரு நாளைக்கு 40. தை தொடங்கிப் புரட்டாசி முடிய ஒன்பது மாதம், 270 நாளுக்கு 10,800 லிட்டர். நடுவில் கோடை மழையும், ஆவணி புரட்டாசியில் மாலை இடிமழையும் கொஞ்சம் நிரப்பிக்கொடுக்கும். ஆகவே 12,000 லிட்டர் தொட்டி போதும். உள்ளளவு 9 அடிக்கு 8 அடி, தண்ணீர் நிற்கும் ஆழம் 6 அடி. அறுபதாம் கல்யாணத்துக்கு ஐந்நூறு பேர் வருவார்களே என்று 50,000 லிட்டருக்குக் கட்டச் சொல்வார்கள், கேட்காதீர்கள். விசேஷத்துக்கு லாரித் தண்ணீர் வாங்கிக்கொள்ளலாம்.

எந்தச் சரிவு என்பதில் கவனம் வேண்டும். வேம்போ புளியோ மேலே கவிழ்ந்திருக்கும் பக்கம் ஆகாது. புறா அடையும் பக்கமும் ஆகாது. பூட்டிக் கிடக்கும் வீடுகளில் வௌவால் நிச்சயம் இருக்கும், அதன் எச்சம் எந்த விளிம்பில் விழுகிறது என்று பாருங்கள். பின்னாளில் ஆஸ்பெஸ்டாஸ் ஷீட் போட்ட பகுதி, பெயின்ட் அடித்த தகரம் இவற்றின் தண்ணீரைக் குடிக்க எடுக்க வேண்டாம்.

இனி, தண்ணீர் இறங்கும் வழி. உங்கள் வீட்டிலும் ஓட்டு விளிம்பில் பழைய தகர வாய்க்கால் இருக்கும். அதைக் கழற்றிப் போட்டுவிட்டுப் புதிதாகப் பிளாஸ்டிக் மாட்டச் சொல்வார்கள். அவசரப்படாதீர்கள். போன வருஷம் ஒரு வீட்டில் ஏணி வைத்து ஏறிப் பார்த்தேன். நாலு விரற்கடை உயரத்துக்குப் புழுதியும் வேப்பங்கொட்டையும் இறுகிக் கிடந்தது, அதில் ஓர் ஆலங்கன்றுகூட முளைத்திருந்தது. கரண்டியால் சுரண்டி எடுத்துவிட்டு ஒரு குடம் தண்ணீர் ஊற்றினோம். மூலைக் குழாய்க்கு ஒரு சொட்டு சிந்தாமல் ஓடிப் போனது. அத்தனை வருஷத்துக்கு முன் அந்த வாட்டத்தை, அதாவது சரிவை வைத்தவரின் வேலை சுத்தம் அப்படி. இரண்டு இடத்தில் காரீயம் வைத்து அடைத்திருந்தார்கள், குடிக்கும் தண்ணீர் ஓடுகிற பாதையில் ஈயம் கூடாது என்று அதை மட்டும் மாற்றினோம்.

மாதக் கணக்கில் காய்ந்த ஓட்டில் விழும் முதல் மழை அழுக்கு. அந்தக் காலத்தில் முதல் மழையை விட்டுவிட்டு அப்புறம்தான் அண்டா வைப்பார்கள். உங்கள் வீட்டில் மழை பெய்யும்போது ஆள் இருப்பார்களோ இல்லையோ, அதனால் அந்த வேலையை ஒரு டிரம்மிடம் கொடுத்துவிடலாம். 56 சதுர மீட்டருக்கு முதல் 2 மி.மீ. என்றால் சுமார் 110 லிட்டர். குழாயிலிருந்து வரும் தண்ணீர் முதலில் இந்த டிரம்மை நிரப்பட்டும். நிரம்பியபின் வருவது மேலே உள்ள டீ (‘T’ வடிவ) குழாய் வழியாக வடிகட்டிக்குப் போகும். டிரம்மின் அடியில் சொட்டுச் சொட்டாக ஒழுகும் ஒரு சின்னத் துளை, மழை விட்ட பிறகு அது தானே காலியாகி அடுத்த மழைக்குத் தயாராகிவிடும். துளை அடைத்துக்கொள்ளாமல் பார்க்க வேண்டும், அவ்வளவுதான்.

வடிகட்டி மூன்றடிக்கு மூன்றடித் தொட்டி. அடியில் 40 மி.மீ. ஜல்லி, மேலே 20 மி.மீ., அதற்குமேல் கூழாங்கல், எல்லாவற்றுக்கும் மேலே கழுவிய பெருமணல். இடையிடையே நைலான் வலை. நைஸ் மணல் போட்டால் அடைமழையில் நிரம்பி வழியும். இந்த வடிகட்டி குப்பையைப் பிடிக்கும், கிருமியைப் பிடிக்காது.

தொட்டியைப் பின்கட்டில் தோண்டுங்கள். முற்றத்துக்கு உள்ளேயோ வளவுச் சுவரை ஒட்டியோ வேண்டாம். சுண்ணாம்புக் காரையில் கட்டிய அஸ்திவாரத்துக்குப் பக்கத்தில் குழி வெட்டுவது ஆபத்து, சுவரிலிருந்து பத்தடியாவது தள்ளி இருக்கட்டும். செப்டிக் டேங்க்கிலிருந்து 50 அடி. உட்புறம் சிமென்ட் பூச்சு போதும், பெயின்ட் வேண்டாம். மூடி தரையிலிருந்து அரையடி உயர்ந்து, பூட்டுப் போட்டதாக இருக்க வேண்டும். காற்றுக் குழாய்க்கும் வழிந்தோடும் குழாய்க்கும் கொசு வலை கட்டாயம், டெங்கு கொசுவுக்கு நல்ல தண்ணீர்தான் பிடிக்கும். வெளிச்சம் புகாமல் இருந்தால் பாசி பிடிக்காது. புதுத் தொட்டியின் முதல் தண்ணீரில் சுண்ணச்சத்து தூக்கலாக இருக்கும், அதைச் செடிக்கு விட்டுவிடுங்கள்.

தொட்டி நிரம்பியதும் ஆயிரம் லிட்டருக்கு இரண்டரை கிராம் என்ற கணக்கில் புது பிளீச்சிங் பவுடர், உங்கள் தொட்டிக்கு 30 கிராம். வாளியில் கரைத்துத் தெளியவிட்டு, தெளிவை மட்டும் ஊற்றி ஒரு மணி நேரம் பொறுங்கள். குளோரின் நாளடைவில் போய்விடும், ஆகவே குடிக்கிற தண்ணீரைக் கொதிக்க வைத்துக் குடிப்பதுதான் என் யோசனை.

ஒரு தவற்றைச் சொல்லியாக வேண்டும். சில வருஷத்துக்கு முன் நான் யோசனை சொன்ன ஒரு வீட்டில், ஓட்டுத் தண்ணீரோடு முற்றத்துத் தரைத் தண்ணீரும் தொட்டிக்குப் போகும்படி இணைத்துவிட்டார்கள். கொத்தனாருக்கு நான் படம் போட்டுக் கொடுக்கவில்லை, வாயால் சொன்னதோடு சரி. பொங்கலுக்கு முற்றத்தைக் கழுவினார்கள், மறுவாரம் தண்ணீர் நாறியது. முழுத் தொட்டியும் வீணாயிற்று. ஓட்டிலிருந்து வருவது வேறு, தரையில் விழுவது வேறு. தரைத் தண்ணீர் மண்ணுக்குத்தான் போக வேண்டும், குடிக்கும் தொட்டிக்கு இல்லை.

மிச்சக் கூரையை என்ன செய்வது? 8,000 சதுர அடி வீடு என்றால், ஆண்டுக்கு 900 மி.மீ. மழையில் ஐந்து லட்சம் லிட்டர் அளவுக்கு இறங்குகிறது. அதைப் பின்கட்டுக் கிணற்றுக்கு விடுங்கள். முதலில் தூர் வாரி, தண்ணீரை வடிகட்டி வழியாக அனுப்ப வேண்டும். நம் செம்புறாங்கல் பூமி நன்றாக உறிஞ்சும். இரண்டு மூன்று மழைக்காலம் போனால் கிணற்றின் சுவை மாறுகிறதா என்று பாருங்கள், பல இடங்களில் உப்பு தணிந்ததைக் கண்ணால் கண்டிருக்கிறேன். 2003-ல் மழைநீர் சேகரிப்பு கட்டாயமானபோது அவசரத்துக்கு வெட்டிய குழி ஏதாவது உங்கள் வீட்டிலும் இருக்கலாம், அதைத் திறந்து மணலை அள்ளிக் கழுவிப் போட்டாலே பாதி வேலை முடிந்தது.

கிணறு தனியாக நிறையாது. ஊருணி நிறைந்தால்தான் சுற்றுக் கிணறுகளில் நீர் ஏறும். ஊர் அமைத்தவர்கள் தெருவுக்கு வாட்டம் வைத்ததே தண்ணீர் அங்கே போய்ச் சேரத்தான். உங்கள் ஊருணிக்கு வரும் வரத்துக்காலை ஒருநாள் காலையில் நடந்து பாருங்கள். சீமைக் கருவேலம் அடைத்திருக்கிறதா, யார் வீட்டுச் சாக்கடையாவது சேர்ந்திருக்கிறதா, புதிய சிமென்ட் ரோடு உயர்ந்து வழியை மறித்திருக்கிறதா என்று தெரியும். அதை ஊர்க் கூட்டத்தில் பேச உங்களைப் போலத் திரும்பி வருகிறவர்கள்தான் வேண்டும்.

கடைசியாக இரண்டு விஷயம். முற்றமும் ஓடும் பங்காளிகள் எல்லோருக்கும் பொது, குழாய் எங்கே போகும், தொட்டி எங்கே வரும் என்று ஒரு படம் போட்டு எல்லாப் புள்ளியிடமும் (பங்குள்ள ஒவ்வொரு குடும்பத்திடமும்) கையெழுத்து வாங்கிவிட்டுத் தோண்டுங்கள். வேலையைச் சித்திரையில் தொடங்கினால் ஆனிக்குள் முடியும். ஐப்பசியில் அடைமழை என்பார்கள், அதனால் புரட்டாசி முதல் வாரத்தில் ஓட்டைக் கூட்டி, தகர வாய்க்காலைச் சுரண்டி, வடிகட்டி மணலைக் கழுவிப் போட வேண்டும். அந்த வாரம் நீங்கள் சென்னையில் இருந்தால், வீட்டைப் பார்த்துக்கொள்பவரிடம் ஏணியையும் தொட்டிச் சாவியையும் கொடுத்து, வேலை முடிந்ததும் ஓட்டைப் படம் எடுத்து அனுப்பச் சொல்லுங்கள்.